ராஜினாமா மட்டும் போதுமா? அரியலூர் கேட்கும் கேள்வி

அரியலூர் என்றால் நமக்கு சிமெண்டு ஆலையும் சுண்ணாம்புக்கல் சுரங்கமும் நினைவுக்கு வரும. தில்லி அரசியல்வாதிகளுக்கோ இந்த ஊரின் பெயர் வேறொன்றை நினைவூட்டுகிறது. ஒரு மந்திரியின் ராஜினாமாவை! எங்கே ரயில் கவிழ்ந்தாலும், “அன்று லால் பகதூர் சாஸ்திரி ராஜினாமா செய்தாரே, இன்றைய மந்திரி ஏன் செய்யவில்லை?” என்று கேட்கிறார்கள். எதிர்க்கட்சியாக இருக்கும்போது எல்லோரும் கேட்கிறார்கள். ஆளும் கட்சியானதும் எல்லோரும் மறந்து விடுகிறார்கள்.

கேள்வி நியாயமானதுதான். ஆனால் அதோடு நின்று விடலாமா?

என்ன நடந்தது?

1956 நவம்பர் 23. அரியலூர் அப்போது திருச்சி ஜில்லாவில் இருந்தது. பருவமழைக் காலம். பச்சைமலையில் பிறந்து பெரம்பலூர், அரியலூர் சீமை வழியாக ஓடிக் கொள்ளிடத்தில் கலக்கும் மருதையாற்றில் வெள்ளம் புரண்டது. ரயில் பாலத்தை ஒட்டிய மண் கரையை வெள்ளம் அரித்துக் கொண்டு போயிற்று. முதல் நாள் இரவு சென்னையிலிருந்து புறப்பட்ட தூத்துக்குடி எக்ஸ்பிரஸ் பொழுது விடியுமுன் அங்கே வந்தது. எஞ்சினும் முன்பெட்டிகளும் ஆற்றில் கவிழ்ந்தன. தூக்கத்திலிருந்த பிரயாணிகளில் 140 பேருக்கு மேல் மாண்டனர்.

அதே ஆண்டு செப்டம்பர் 2 அன்று ஐதராபாத் பக்கம் மகபூப் நகர் அருகே இதே போன்ற கோரம் நடந்திருந்தது. அங்கும் மழை வெள்ளம். அங்கும் பாலம். அங்கும் நூறு பேருக்கு மேல் பலி. அப்போதே சாஸ்திரி ராஜினாமாக் கடிதம் கொடுத்தார். பிரதமர் நேரு ஏற்கவில்லை. அரியலூருக்குப் பிறகு மீண்டும் கொடுத்தார். இம்முறை நேரு ஏற்றார். விபத்துக்கு சாஸ்திரி நேரடியாகப் பொறுப்பல்ல, ஆயினும் அரசியல் சட்ட மரபுக்கு ஒரு முன்மாதிரி வேண்டும் என்பது பார்லிமெண்டில் அவர் தந்த விளக்கம்.

சாஸ்திரி எளிய மனிதர். பதவியைப் பிடித்துத் தொங்காதவர். அவருடைய நேர்மையை நாம் சந்தேகிக்கவில்லை. நாம் கேட்பது இதுதான்: மகபூப் நகருக்கும் அரியலூருக்கும் நடுவே 82 நாட்கள் இருந்தன. மழைக்காலம் வருகிறது என்று எல்லோருக்கும் தெரியும். காட்டாறுகளின் மேல் நிற்கும் பாலங்களின் கதி என்ன என்பதல்லவா அந்த 82 நாட்களில் தேசத்தின் பேச்சாக இருந்திருக்க வேண்டும்? மந்திரி இருப்பாரா, போவாரா என்பது பெரிய பேச்சாயிற்று. பாலம் சின்னப் பேச்சாயிற்று.

போனவர்கள் எங்கே போனார்கள்?

1957 பொதுத் தேர்தல் முடிந்ததும் சாஸ்திரி போக்குவரத்து மந்திரியாகத் திரும்பி வந்தார். பிறகு வர்த்தகம், பிறகு உள்நாட்டு இலாகா. 1964-ல் பிரதமர். அரியலூர் அவருடைய அரசியல் வாழ்வைக் குறுக்கவில்லை; உயர்த்தியது.

ரயில்வே உப மந்திரியாக இருந்தவர் நம் ஊர்க்காரர் ஓ.வி. அழகேசன். அவருடைய பெயரையும் அரியலூரையும் சேர்த்து தி.மு.க. 1957 தேர்தலில் தெருத் தெருவாகக் கோஷம் போட்டது. அவர் தோற்றார். 1962-ல் ஜெயித்து மீண்டும் மத்திய மந்திரி சபையில் இடம் பெற்றார்.

பிற்காலத்திலும் இதே கதைதான். 1999 ஆகஸ்டில் மேற்கு வங்கத்தின் கைசால் அருகே இரண்டு ரயில்கள் நேருக்கு நேர் மோதி, முன்னூறு பேர் வரை இறந்தனர். நிதீஷ் குமார் ராஜினாமா செய்தார். 2001-ல் அதே ரயில்வே இலாகாவுக்கே திரும்பினார். 2017 ஆகஸ்டில் உத்தரப் பிரதேசத்தில் நான்கு நாள் இடைவெளியில் இரண்டு ரயில்கள் தடம் புரண்டபோது சுரேஷ் பிரபு ராஜினாமா செய்ய முன்வந்தார். மறு மாதமே வர்த்தக மந்திரியானார்.

மந்திரிகளுக்கு ராஜினாமா ஒரு ஓய்வு விடுதி. சிறிது காலம் தங்கி விட்டு, முன்னிலும் நல்ல பெயரோடு வெளியே வரலாம். மாண்டவரின் குடும்பத்துக்கு அப்படியொரு விடுதி உண்டா?

சுவீடனில் நடந்தது

அதே 2017-ல், ஜூலை மாதம், சுவீடனிலும் ஒரு மந்திரி பதவி விலகினார். ரயில், சாலை இவற்றைக் கவனித்து வந்த உள்கட்டமைப்பு மந்திரி அன்னா யோஹான்சன். அங்கே ரயில் எதுவும் கவிழவில்லை. ஓர் உயிரும் போகவில்லை. வாகனப் பதிவு, ஓட்டுநர் உரிமம் இவற்றைக் கவனிக்கும் சர்க்கார் இலாகா தன் கம்ப்யூட்டர் வேலைகளை ஒரு தனியார் கம்பெனிக்குக் குத்தகைக்கு விட்டிருந்தது. பாதுகாப்புச் சோதனை செய்யப்படாத வெளிநாட்டு ஊழியர்கள் கைக்கு ரகசிய விவரங்கள் எட்டும்படி ஆயிற்று. விஷயம் வெளியே வந்ததும் எதிர்க்கட்சிகள் மூன்று மந்திரிகள் மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டு வரப்போவதாக அறிவித்தன. இருவர் விலகினர், அவர்களில் ஒருவர் யோஹான்சன்.

சுவீடன் மந்திரிகள் எல்லாம் தர்மவான்கள் என்று சொல்ல வரவில்லை. தனியாருக்குக் குத்தகை விடும் மோகம் அங்கும் உண்டு என்பதற்கே இந்தச் சம்பவம் சாட்சி. கவனிக்க வேண்டியது வேறு. அங்கே மந்திரியின் மனச்சாட்சி விழிக்கட்டும் என்று யாரும் காத்திருக்கவில்லை. தனியொரு மந்திரியைக் குறிவைத்து நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவரும் உரிமை அங்கே பார்லிமெண்டுக்கு உண்டு. மந்திரிகளின் செய்கையைத் துருவி ஆராய அரசியல் சட்டக் கமிட்டியும் உண்டு. மந்திரி நல்லவரோ கெட்டவரோ, யாருக்கு எப்போது தெரியும், தெரிந்ததும் என்ன செய்தீர் என்று கேட்பார்கள். பதில் சொல்லியே தீர வேண்டும்.

நம் நாட்டில் மந்திரியின் நற்குணத்தை நம்பியிருக்கிறோம். நற்குணம் உள்ளவர் போகிறார், இல்லாதவர் இருக்கிறார். இரண்டிலும் பதில் மட்டும் வருவதில்லை.

தண்டனை யாருக்கு?

2023 ஜூன் 2 அன்று ஒடிசாவில் பாலாசோர் அருகே சென்னைக்கு வந்து கொண்டிருந்த கோரமண்டல் எக்ஸ்பிரஸ், நின்றிருந்த சரக்கு ரயிலில் மோதியது. ஏறத்தாழ 300 பேர் பலி. சிக்னல் இணைப்பு வேலையில் பல மட்டங்களில் தவறு நடந்ததாக விசாரணை சொன்னது. பல மட்டங்கள்! ஆனால் சி.பி.ஐ. கைது செய்தது மூன்று சிக்னல் ஊழியர்களை. அந்த ரயில்வேயின் ஜெனரல் மானேஜருக்கு இடமாற்றம். மந்திரிக்கு ஒன்றுமில்லை.

2025 ஜூலை 8 அன்று கடலூர் அருகே செம்மங்குப்பத்தில் பள்ளி வேன் மீது ரயில் மோதி மூன்று பிள்ளைகள் இறந்தனர். கேட் கீப்பர் கைதானார். அவர் தவறு செய்திருந்தால் விசாரிக்கட்டும். ஆனால் அந்தக் கேட் சிக்னலோடு பிணைக்கப்படாத கேட். பிணைத்திருந்தால், கேட் மூடாத வரை ரயிலுக்குப் பச்சை விளக்கு விழாது. ஒரு மனிதன் கண்ணயர்ந்தாலும் யந்திரம் காத்திருக்கும். அந்த ஏற்பாட்டைச் செய்யாதது யார்? கேட் கீப்பரா?

2023 ஜூனில் தகவல் உரிமைச் சட்டப்படி ரயில்வே தந்த கணக்கில் சுமார் 2.74 லட்சம் இடங்கள் காலி. இவற்றில் 1.7 லட்சத்துக்கு மேல் பாதுகாப்பு சம்பந்தப்பட்டவை. தண்டவாளத்தில் நடந்து ஆணி இறுக்கும் கீமேன், மழை இரவில் பாலத்தைப் பார்த்து வரும் கேங்மேன், சிக்னல் தொழிலாளி, எஞ்சின் டிரைவர்: இவர்களுக்குரிய இடங்கள் அவை. மருதையாற்றுக் கரை அரிபடுவதை விடியுமுன் பார்த்துச் சிவப்பு விளக்கு காட்ட ஆள் வேண்டும். தில்லியில் இருந்து பார்க்க முடியாது.

நாம் கேட்பது

முதலாவது, விபத்துக்களை விசாரிக்கும் ரயில்வே பாதுகாப்புக் கமிஷனரின் ஒவ்வொரு அறிக்கையும் பார்லிமெண்டின் முன் வைக்கப்பட வேண்டும். அவர் ரயில்வே இலாகாவின் கீழ் இல்லை, விமானப் போக்குவரத்து இலாகாவின் கீழ் இருக்கிறார், நல்லதுதான். ஆனால் அவருடைய சிபாரிசு வெறும் யோசனையாகவே நிற்கிறது. ஏற்காத யோசனைக்கு மந்திரி எழுத்தில் காரணம் சொல்ல வேண்டும்.

இரண்டாவது, 1924 முதல் தனியாக இருந்த ரயில்வே பட்ஜெட்டை 2017-ல் பொதுப் பட்ஜெட்டில் கரைத்து விட்டார்கள். ரயிலைப் பற்றி மட்டும் பல நாட்கள் விவாதித்த வாய்ப்பு போயிற்று. அந்த விவாதம் திரும்ப வேண்டும்.

மூன்றாவது, பாதுகாப்புப் பிரிவின் காலி இடங்கள் நிரப்பப்பட வேண்டும். டிரைவருக்கும் கேட் கீப்பருக்கும் தூங்க நேரம் வேண்டும்.

மந்திரி ராஜினாமா செய்தால் எதிர்க்க மாட்டோம். ஆனால் போகுமுன் பதில் சொல்லி விட்டுப் போகட்டும். எந்தப் பாலம் பலவீனம், அதைச் செப்பனிடப் பணம் கேட்டது யார், மறுத்தது யார் என்ற கணக்கை மேஜை மேல் வைத்து விட்டுப் போகட்டும். போன மந்திரியின் பெருமை சரித்திரத்தில் எழுதப்பட்டிருக்கிறது. மருதையாற்றில் மாண்ட 140 பேருக்கு மேற்பட்டோரின் பெயர்கள் எந்தப் பாடப்புத்தகத்தில் இருக்கின்றன? அவர்களுக்குச் செலுத்த வேண்டிய கடன், அடுத்த மழையில் அடுத்த ரயில் பத்திரமாகக் கரை சேர்வதுதான்.