அரண்மனை வாசலில் காசுக்கு ஒரு வரிசை வேண்டாம்

பொன்னேரி வட்டாரத்தில் வரிசை என்றால் என்னவென்று யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. செவ்வாய்க்கிழமை சிறுவாபுரி முருகன் கோயிலுக்குப் போனவர்கள் வெயிலில் நகர்ந்து நகர்ந்து கால் கடுக்க நின்றிருக்கிறார்கள். திருமலைக்கு 300 ரூபாய் சிறப்பு நுழைவு தரிசன டிக்கெட் திறக்கும் நாளில் வீட்டிலுள்ள எல்லா செல்போன்களையும் கையில் வைத்துக்கொண்டு உட்காரும் குடும்பங்கள் இங்கே ஏராளம். கொஞ்சம் கூடக் கொடுத்தால் சீக்கிரம் உள்ளே போகலாம் என்பது பழகிப்போன கணக்கு.

இப்போது அதே கணக்கு அரண்மனைகளுக்கும் வந்துவிட்டது. சுற்றுலாச் செயலிகளைத் திறந்தால் பாரிஸ் அருகிலுள்ள வெர்சாய் முதல் ஊர் ஊராக ‘வரிசையில் நிற்காமல் நுழைய’ டிக்கெட் விற்கிறார்கள். வழிகாட்டி வேண்டாம், கூட்டத்தோடு ஓட வேண்டாம், நம் போக்கில் பார்க்கலாம் என்கிறார்கள். தனியாகப் போய்ப் பார்க்கும் ஆசை நல்ல ஆசைதான். ஒரு தூணின் முன்னால் பத்து நிமிடம் நிற்கத் தோன்றினால் நிற்க முடியவேண்டும். ஆனால் அந்த டிக்கெட் எப்படிப்பட்டது, யார் விற்கிறார்கள், யாருக்குக் கட்டுப்படியாகும் என்பதைப் பேசாமல் அதை இங்கே இறக்குமதி செய்தால், கோயிலில் நாம் பழகிய இரண்டு வரிசைகள் அரண்மனை வாசலிலும் வந்து நிற்கும்.

வரிசை தாண்டும் டிக்கெட்டில் இரண்டு வகை உண்டு. ஸ்பெயினின் கிரனாடா நகரத்திலுள்ள அல்ஹம்ப்ரா முதல் வகைக்கு நல்ல உதாரணம். அங்கே நஸ்ரித் அரண்மனைகளுக்குள் நுழைய வேண்டிய நேரம் டிக்கெட்டிலேயே அச்சாகியிருக்கும். அந்த நேரத்தைத் தவறவிட்டால் அந்தப் பகுதிக்குள் போக முடியாது. பணக்காரருக்கு ஒரு வேளை, ஏழைக்கு ஒரு வேளை என்று கிடையாது. ஒரு நேரத்தில் உள்ளே எத்தனை பேர் இருக்கலாம் என்று நிர்வாகம் வரையறுத்து, அதற்கேற்ப நேரத்தைப் பங்கிட்டுக் கொடுக்கிறது. நுட்பமான சுண்ணச் சுவர்களும் ஓட்டுத் தரைகளும் நாள் முழுக்க நெரிசலைத் தாங்காது என்பதால் வந்த ஏற்பாடு அது.

இரண்டாவது வகை இடைத்தரகர் விற்பது. அரண்மனையின் சொந்த இணையதளத்தில் கிடைக்கும் அதே நேரச்சீட்டை வாங்கி, தன் கூலியையும் சேர்த்து, கவர்ச்சியான பெயரில் விற்பது. வெர்சாயில் நேரச்சீட்டு வைத்திருப்பவரும் பாதுகாப்புச் சோதனைக்கு நின்றுதான் ஆகவேண்டும். எந்தத் தரகராலும் அதைத் தாண்டிக் கூட்டிப்போக முடியாது. வெளிநாடு போகும் தமிழ்க் குடும்பங்கள் இந்த ஒன்றைத் தெரிந்துகொண்டாலே கணிசமான பணம் மிச்சம்.

நம் நாட்டில் மத்திய தொல்லியல் துறை எடுத்திருக்கும் வழி பாராட்டத்தக்கது. 2018-ல் மாற்றியமைக்கப்பட்ட கட்டணப்படி, முதல் பிரிவுச் சின்னங்களுக்கு இந்தியர்கள் கவுன்ட்டரில் ரொக்கமாகக் கொடுத்தால் 40 ரூபாய், இணையவழி செலுத்தினால் 35. மற்றவற்றுக்கு 25, இணையத்தில் 20. பதினைந்து வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்குக் கட்டணமே இல்லை. அதாவது, வரிசையில் நிற்காமல் போகிறவருக்குத்தான் விலை குறைவு. கோயில் கணக்கை அப்படியே திருப்பிப்போட்ட கணக்கு இது. செல்போனில் பணம் செலுத்தத் தெரியாத ஒரு பாட்டி ஐந்து ரூபாய் கூடுதலாகக் கொடுக்க நேர்கிறது என்பது அதிலுள்ள குறை. அந்த ஐந்து ரூபாயையும் எடுத்துவிடலாம்.

ஆனால் அதே துறை ஆக்ராவில் வேறு பாதையில் போனது. தாஜ்மஹால் வளாகத்துக்கு இந்தியருக்கு 50 ரூபாய். கல்லறை இருக்கும் முக்கியக் கட்டடத்துக்குள் போக 2018 டிசம்பரிலிருந்து தனியாக 200 ரூபாய். கூட்டத்தைக் குறைப்பதற்காக என்று காரணம் சொன்னார்கள். தாஜ்மஹால் அரண்மனை அல்ல, கல்லறைதான். என்றாலும் பாடம் ஒன்றே. விலையை ஏற்றிக் கூட்டத்தைக் குறைத்தால் குறைவது காசில்லாதவர்களின் எண்ணிக்கை. நான்கு பெரியவர்கள் உள்ள ஒரு குடும்பம் கூடுதலாக 800 ரூபாய் எடுத்துவைக்க வேண்டும். கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒப்பந்தக் கூலிக்கு வேலை பார்க்கிறவருக்கு அது சின்னத் தொகை இல்லை. ரயிலேறி ஆக்ரா வரை போய், பளிங்குக் கட்டடத்தை வெளியிலிருந்து பார்த்துவிட்டுத் திரும்புவார். கூட்டத்தைக் குறைக்க நேரத்தைப் பங்கிட வேண்டும். விலையை ஏற்றுவது அதற்கு மாற்று ஆகாது.

பொன்னேரியிலிருந்து ஒரே நாளில் போய்வரக்கூடிய அரண்மனை ஒன்றைப் பார்ப்போம். ஊத்துக்கோட்டை, சுருட்டப்பள்ளி, நாகலாபுரம், பிச்சாட்டூர், புத்தூர் என்று திருப்பதிக்குப் போகும் சாலை இந்த வட்டாரத்துக்காரர்களுக்கு மனப்பாடம். திருப்பதியிலிருந்து இன்னும் சுமார் 15 கிலோமீட்டர் போனால் சந்திரகிரி. பாறைக் குன்றின் அடிவாரத்தில், கோட்டைச் சுவருக்குள், ராஜ மஹால், ராணி மஹால் என்று இரண்டு கட்டடங்கள். 1565-ல் தலைக்கோட்டைப் போரில் தோற்று விஜயநகரம் சிதைந்த பிறகு, பேரரசின் தலைநகரம் பெனுகொண்டாவுக்கும் பின்னர் இந்தச் சந்திரகிரிக்கும் நகர்ந்தது. மூன்று தளங்கள் கொண்ட ராஜ மஹாலைக் கல், செங்கல், சுண்ணாம்பு ஆகியவற்றாலேயே எழுப்பியிருக்கிறார்கள். தளத்தைத் தாங்க மரச்சட்டம் கிடையாது. வளைவுகளே பாரத்தைத் தாங்குகின்றன. உள்ளே இப்போது மத்திய தொல்லியல் துறையின் அருங்காட்சியகம் இருக்கிறது.

இந்த அரண்மனைக்கும் பொன்னேரிக்கும் உள்ள உறவு பாடப்புத்தகத்தில் வருவதில்லை. பழவேற்காட்டில் டச்சுக்காரர்கள் 1610-ல் காலூன்றியது விஜயநகர மன்னர் இரண்டாம் வேங்கடபதி தந்த அனுமதியால். 1613-ல் அங்கே கெல்டிரியா கோட்டை எழுந்தது. 1690-ல் நாகப்பட்டினத்துக்கு மாறும் வரை சோழமண்டலக் கரையில் டச்சு வணிகத்தின் தலைமையிடம் பழவேற்காடுதான். இந்த அனுமதியைத் தந்த வேங்கடபதியின் காலத்தில்தான் சந்திரகிரி தலைநகரமானது. அவர் பின்னாளில் வேலூருக்கு நகர்ந்தார். 1639-ல் சென்னைப்பட்டினம் ஆங்கிலேயர் கைக்குப் போனதும் வேங்கடபதியின் வம்சமான அரவீடு மன்னர்களின் கீழிருந்த தாமர்ல நாயக்கர்கள் வழியாக. பழவேற்காட்டு டச்சுக் கல்லறைத் தோட்டத்தில் எழுத்துச் செதுக்கிய கல் பலகைகளைப் பார்த்து வளர்ந்த ஒரு பிள்ளை, சந்திரகிரிக்குப் போய் நின்றால் சொந்த ஊர் வரலாற்றின் மறுபாதியைப் பார்க்கும்.

திருமலையில் வரிசை தாண்ட 300 ரூபாய் கொடுத்த குடும்பங்களில் பெரும்பாலானவை இந்த வாசலை எட்டிப் பார்க்காமல் வேனைத் திருப்பிவிடுகின்றன. திருமலைக் கூட்டத்தோடு ஒப்பிட்டால் இங்கே வருகிறவர்கள் சொற்பம். இங்கே இல்லாமல் போனது போக வேண்டும் என்ற எண்ணமும், போனால் எதைப் பார்ப்பது என்ற தகவலும்தான். ஒரு தகவலை மட்டும் இங்கேயே சொல்லிவிடலாம். சந்திரகிரி அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை.

விடுமுறை என்பது இந்த வட்டாரத்தில் லேசான விஷயம் இல்லை. ஷிப்ட் முறையில் ஓடும் ஆலைகளில் எல்லோருக்கும் ஞாயிற்றுக்கிழமை ஓய்வு கிடைப்பதில்லை. ஒருவருக்குத் திங்கள், ஒருவருக்கு வெள்ளி. தக்கலை அருகிலுள்ள பத்மநாபபுரம் அரண்மனைக்குத் திங்கள் விடுமுறை. தாஜ்மஹாலுக்கு வெள்ளி. பத்மநாபபுரத்தில் மதியம் ஒரு மணியிலிருந்து இரண்டு மணி வரை உணவு இடைவேளையும் உண்டு. இரவெல்லாம் ரயிலில் வந்து நாகர்கோவிலில் இறங்கி, குளித்துச் சாப்பிட்டுவிட்டுப் பன்னிரண்டே முக்காலுக்கு வாசலுக்கு வருகிற குடும்பத்துக்கு, வரிசையைவிட இந்த இடைவேளைதான் பெரிய தடை. நேரச்சீட்டு முறை இருந்தால் வீட்டிலிருந்து கிளம்புவதற்கு முன்பே இது தெரிந்துவிடும். நேரச்சீட்டின் உண்மையான பயன் அதுதான்.

பத்மநாபபுரம் ஒரு விசித்திரமான ஏற்பாடும்கூட. 1956-ல் கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்தபோது, அரண்மனை இருக்கும் மண் இங்கே வந்தது. அரண்மனையை நிர்வகிக்கும் பொறுப்பு இன்றுவரை கேரளத் தொல்லியல் துறையிடம். தேக்கும் பலாவுமாக இழைத்த அந்த மரக் கட்டடம் பராமரிக்கப்படும் விதத்தைப் பார்த்துவிட்டு மதுரைக்குப் போகிறவர்களுக்கு மனம் கனக்கும்.

மதுரை திருமலை நாயக்கர் மஹால் 1636-ல் கட்டி முடிக்கப்பட்டது. இன்று நாம் பார்ப்பது பழைய அரண்மனையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு. பேரன் சொக்கநாத நாயக்கர் தலைநகரைத் திருச்சிராப்பள்ளிக்கு மாற்றியபோது இங்கிருந்து பலவற்றைப் பெயர்த்துக்கொண்டு போனார். எஞ்சியதைப் பத்தொன்பதாம் நூற்றாண்டில் சென்னை ஆளுநராக இருந்த நேப்பியர் பிரபு பழுதுபார்க்க வைத்தார். பின்னர் நீண்ட காலம் நீதிமன்றம் இங்கே இயங்கியது. சொர்க்க விலாசத்தில் நின்று அண்ணாந்து பார்த்தால் வளைவும் குவிமாடமும் மூச்சை நிறுத்தும். பார்வையைக் கீழே இறக்கினால் வேறு காட்சி. இரண்டு பேர் சேர்ந்தாலும் கட்டிப்பிடிக்க முடியாத பருத்த தூண்களில், கை எட்டும் உயரம் வரை, சாவியாலும் ஆணியாலும் கீறிய பெயர்கள். இதயம் வரைந்து நடுவே இரண்டு எழுத்து. ஒரு தேதி. அதன்மேல் வெள்ளையடித்து, அந்த வெள்ளையின் மேல் இன்னொரு பெயர்.

கீறியவர்களைத் திட்டுவது சுலபம். அவர்களில் பலர் பள்ளிச் சுற்றுலாவில் வந்த பிள்ளைகள். அந்தத் தூணின் மேல்பூச்சு எப்படி அரைத்துக் குழைத்து மெருகேற்றப்பட்டது என்று அந்த இடத்திலேயே ஒருவர் ஐந்து நிமிடம் சொல்லியிருந்தால் அதில் பாதிப் பேராவது கையை எடுத்திருப்பார்கள். வழிகாட்டி இல்லாமல் வருகிறவரைத் தன்னந்தனியாக விட்டுவிடக் கூடாது. டிக்கெட்டோடு ஒரு தாள் வரைபடம், ஒவ்வொரு மண்டபத்திலும் கண் மட்டத்தில் நல்ல தமிழில் ஒரு பலகை, செல்போனில் கேட்கத் தமிழ்க் குரல் பதிவு. இதே மஹாலில் 1981 முதல் மாலை வேளையில் தமிழிலும் ஆங்கிலத்திலும் ஒலி ஒளிக் காட்சி நடத்திய அரசுக்கு, பகலில் வருகிறவருக்கும் ஒரு குரலைக் கொடுப்பது பெரிய வேலை ஆகாது.

தஞ்சாவூர் அரண்மனைக்குப் போனால் சிக்கல் வேறு மாதிரி. ஒரே வளாகத்துக்குள் கலைக்கூடத்துக்கு ஒரு டிக்கெட், சரசுவதி மஹால் நூலக அருங்காட்சியகப் பக்கம் போனால் இன்னொன்று. ஒவ்வொன்றும் தனித்தனி நிர்வாகம் என்பது அரசின் உள்விவகாரம். பொன்னேரியிலிருந்து குழந்தைகளோடு வந்தவருக்கு அது ஒரே அரண்மனை. ஒரே டிக்கெட்டில் எல்லாவற்றையும் பார்க்க முடிந்தால் பாதி வரிசை தானாகக் கரையும்.

இந்தப் பேச்சு இப்போது ஏன் அவசியம் என்றால், பொன்னேரிக்கு மிக அருகிலுள்ள பெரிய அரண்மனை ஒன்றின் கதவு திறப்பது பற்றிய பேச்சு நடக்கிறது. புறநகர் ரயிலில் சென்ட்ரல் போய், பூங்கா நகரில் பறக்கும் ரயில் ஏறினால் அடுத்தடுத்த நிறுத்தங்களில் சேப்பாக்கம் வந்துவிடும். ஆற்காட்டு நவாப் முகமது அலி வாலாஜாவுக்காக 1768-ல் எழுந்த சேப்பாக்கம் அரண்மனை, 1855-ல் நவாப் பதவி முடிந்த பிறகு அரசின் கைக்கு வந்து அலுவலகமானது. 2012 ஜனவரியில் அதன் கலச மஹால் தீயில் கருகியது. பொதுப்பணித் துறை அதைப் பழைய முறைப்படி மீட்டெடுத்தது. பக்கத்திலுள்ள ஹுமாயூன் மஹாலும் பழுதுநீக்கம் பெற்றது. அங்கே விடுதலைப் போராட்ட அருங்காட்சியகம் அமைப்பதாகத் தமிழ்நாடு அரசு அறிவித்தது. தலைமுறை தலைமுறையாகக் கோப்போடு போனவர்கள் மட்டுமே நுழைந்த ஒரு வளாகத்துக்குள், பார்ப்பதற்காகவே பொதுமக்கள் போகப்போகிறார்கள்.

அங்கே நுழைவுச்சீட்டு எப்படி இருக்க வேண்டும் என்பதை இப்போதே கேட்டுவிட வேண்டும். நேரம் குறித்த சீட்டு, ஒரே விலையில். இணையத்தில் ஒரு பங்கு, கவுன்ட்டரில் ரொக்கத்துக்கு ஒரு பங்கு என்று ஒதுக்கிவைத்தால் செல்போன் இல்லாதவரும் ஏமாறமாட்டார். விரைவு வரிசை என்ற பெயரில் கூடுதல் கட்டணம் கூடாது. வரிசையில் முந்தும் உரிமை முதியோருக்கும், கைக்குழந்தையோடு வருகிறவருக்கும், சக்கர நாற்காலியில் வருகிறவருக்கும் இருக்கட்டும், காசில்லாமல். பை வைக்கும் இடமும் குடிநீரும் கழிப்பறையும் வாசலிலேயே வேண்டும். வார விடுமுறை நாளையும் சென்னையில் மற்ற அருங்காட்சியகங்கள் மூடும் அதே நாளில் வைக்காமல் மாற்றி வைத்தால், வெள்ளிக்கிழமை ஓய்வு கிடைக்கிற கும்மிடிப்பூண்டித் தொழிலாளிக்கு எந்த வாரமும் பார்ப்பதற்கு ஓரிடம் திறந்திருக்கும். நைட் ஷிப்ட் முடித்துக் குடும்பத்தோடு வருகிறவருக்காக, வாரத்தில் ஒரு நாளாவது மாலை ஏழு மணி வரை திறந்து வைக்கலாம்.