பத்து சொட்டும் ஒரு கால்குலேட்டரும்!

சனிக்கிழமை சாயங்காலம் பாண்டி பஜார்ல உட்கார பெஞ்ச் கிடைக்குதுன்னா, அது போன ஜென்மத்துப் புண்ணியம். அப்படிக் கிடைச்ச பெஞ்ச்ல உட்கார்ந்து நானும் என் நண்பனும் மக்காச்சோளம் கொறிச்சுக்கிட்டிருந்தோம். திடீர்னு பையிலேருந்து ஒரு குட்டி பாட்டிலை எடுத்துக் காட்டி, ‘‘மச்சி... இனிமே மாத்திரைக்கு டாட்டா!’’ன்னான்.

பய பேரு வேண்டாம். இதை எழுத அனுமதி கொடுத்ததே ரெண்டு பிளேட் பஜ்ஜிக்கு அப்புறம்தான். அவனுக்கு எட்டாம் கிளாஸ்லேருந்து வலிப்பு இருக்கு. வால்ப்ரோயேட், க்ளோபஜாம்னு ரெண்டு மாத்திரை. அதைப் போட்டுக்கிட்டதால மூணு வருஷமா ஒரு தடவைகூட ஃபிட்ஸ் வரலை. ஆனா காலையில முதல் ஹவர்ல தலை தானா தொங்கும். கிளாஸே சிரிக்கும். அவனும் கூடச் சிரிப்பான். உள்ளுக்குள்ள எவ்வளவு வலிச்சிருக்கும்னு அன்னிக்குத்தான் தெரிஞ்சுது.

பாட்டில்ல இருந்தது கஞ்சா இலையிலேருந்து எடுத்த எண்ணெய். ஆன்லைன்ல வாங்கியிருக்கான். லேபிள்ல ‘விஜயா’ன்னு போட்டிருந்தது. (நடிகை இல்லீங்க... ஆயுர்வேதத்துல கஞ்சாவுக்கு அதுதான் பேரு!) ‘‘ஃபிட்ஸுக்கு இதுதான்டா மருந்து. அமெரிக்காவுலயே ஒத்துக்கிட்டாங்க’’ன்னான்.

திட்டலாம்னுதான் வாயைத் திறந்தேன். ஆனா ஒண்ணும் தெரியாம எப்படித் திட்டுறது? ராத்திரி முழுக்க உட்கார்ந்து படிச்சேன். அங்கதான் ட்விஸ்ட். பய சொன்னதுல பாதி உண்மை!

இன்னும் சொல்லப்போனா கதை அமெரிக்காவுல ஆரம்பிக்கவே இல்லை. நம்ம கல்கத்தாவுல ஆரம்பிக்குது. அங்கே மெடிக்கல் காலேஜ்ல இருந்த ஓ’ஷாக்னஸிங்கற அயர்லாந்து டாக்டர், நம்ம ஊர் வைத்தியர்கள் கஞ்சாவை மருந்தாக் கொடுக்கறதைப் பார்த்தார். முதல்ல பிராணிகளுக்குக் கொடுத்துப் பார்த்து, அப்புறம் நோயாளிகளுக்குக் கொடுத்து, 1839-ல கட்டுரை எழுதினார். அதுல வலிப்பு வந்த ஒரு கைக்குழந்தையோட கேஸும் உண்டு. மேற்கத்திய மருத்துவத்துக்குள்ள கஞ்சா நுழைஞ்சதே இப்படித்தான். நம்ம சித்த மருத்துவமும் அதை மருந்துச் சரக்கா வெச்சிருக்கு. ஆனா நச்சுச் சரக்குங்கற பட்டியல்ல! அப்படிப்பட்ட மருந்து எதுவா இருந்தாலும், ‘மருத்துவர் மேற்பார்வையில் மட்டுமே’ன்னு லேபிள்ல எச்சரிக்கை போட்டே ஆகணும்னு மருந்துச் சட்ட விதி சொல்லுது. நண்பனோட பாட்டில்லயும் அது இருந்துச்சு... எறும்பு சைஸ் எழுத்துல!

சரி, அமெரிக்கா மேட்டர். கஞ்சாச் செடியில நூத்துக்கும் மேல ‘கன்னாபினாய்டு’கள் இருக்கு. அதுல ரெண்டு பேர்தான் ஹீரோக்கள். ஒண்ணு டி.ஹெச்.சி. தலை கிறுகிறுக்க வைக்கிறது இதுதான். இன்னொண்ணு சி.பி.டி. இது போதை தராது. சுத்தமான சி.பி.டி.யில செஞ்ச ‘எபிடியோலெக்ஸ்’ங்கற மருந்தை, டிராவே, லெனாக்ஸ்-கஸ்டோன்னு ரெண்டு அபூர்வமான, குழந்தைப் பருவத்துலயே ஆரம்பிக்கிற கடுமையான வலிப்பு நோய்களுக்கு 2018 ஜூன்ல அமெரிக்க அரசு அனுமதிச்சது. அதுக்கு முந்தின வருஷம் வந்த ஆய்வுல டிராவே நோய் இருந்த 120 பேர் கலந்துக்கிட்டாங்க. மாசத்துக்கு சராசரியா 12 தடவை வந்த வலிப்பு, சி.பி.டி. எடுத்தவங்களுக்கு ஆறா குறைஞ்சுது. அதைப் படிச்சப்போ எனக்கே புல்லரிச்சுது. யோசிச்சுப் பாருங்க, அந்தக் குழந்தைகளோட அம்மா அப்பாவுக்கு அந்த ஆறு எவ்வளவு பெரிய நம்பர்!

ஆனா அந்தக் குழந்தைகள்ல யாருமே பழைய மாத்திரையை நிறுத்தலை. அதோட சேர்த்துத்தான் சி.பி.டி. கொடுத்தாங்க. என் நண்பனுக்கு இருக்கறது டிராவேயும் இல்லை, லெனாக்ஸும் இல்லை. அதுவும் போக, அவனுக்குத்தான் மாத்திரையிலயே அடங்கிடுச்சே?

அடுத்தது அளவு. நாமதான் இன்ஜினீயரிங் ஆச்சே, கால்குலேட்டரைத் தட்டினேன். எபிடியோலெக்ஸை ஆரம்பிக்கிறதே கிலோவுக்கு 5 மில்லிகிராம்ல. அப்புறம் 10. தேவைப்பட்டா 20 வரைக்கும் போவாங்க. நண்பன் வெயிட் 60 கிலோ (சோளத்தோட சேர்த்து). அப்போ ஒரு நாளைக்கு 600 மில்லிகிராம். அவன் பாட்டில் 30 மில்லி. அதுல மொத்தமே 1,000 மில்லிகிராம்னு போட்டிருக்கு. ஒரு மில்லிக்கு 20 சொட்டுன்னு வெச்சா, லேபிள் சொல்ற பத்து சொட்டுல வர்றது சுமார் 17 மில்லிகிராம். 600 எங்கே... 17 எங்கே? ஆய்வுல கொடுத்த அளவுல சாப்பிட்டா முழு பாட்டிலும் ரெண்டு நாள்கூட தாங்காது!

‘அப்போ நாலு பாட்டில் வாங்கிக் குடிச்சிட்டாப் போச்சு’ன்னு நினைக்கறீங்களா? அங்கதான் பெரிய ஆப்பு. அந்த அளவுக்குப் போனா, சி.பி.டி. க்ளோபஜாமோட மோதும். க்ளோபஜாம் உடம்புல உடைஞ்சு உண்டாகிற பொருள் ரத்தத்துல பல மடங்கு ஏறிடும். விளைவு? தூக்கம்! எந்தத் தூக்கத்துக்குப் பயந்து ஓடினானோ, அதுலயே போய் விழுவான். வால்ப்ரோயேட்டோட சேர்ந்தா கல்லீரல் என்சைம்கள் ஏறுற வாய்ப்பும் அதிகம். அதனாலதான் அங்கே ரத்தப் பரிசோதனை பண்ணிப் பண்ணி மருந்து கொடுக்கறாங்க. ஆன்லைன் கடைக்காரர் வந்து ரத்தம் எடுப்பாரா?

இதுவரைக்கும் பாட்டில் கதை. பொட்டலக் கதை வேற. நம்ம கேம்பஸ்கள்ல ‘அது மருந்துதான் மச்சி, இயற்கைதானே’ன்னு ஒரு வசனம் சுத்துது பாருங்க, அதுக்கு வர்றேன். ஊமத்தங்காயும் அரளி விதையும்கூட இயற்கைதான்!

பொட்டலத்துல இருக்கறது பெரும்பாலும் டி.ஹெச்.சி. 1964-ல இஸ்ரேல்ல ரஃபேல் மெஷூலம் குழு அதைப் பிரிச்செடுத்தது. 1992-ல அதே குழு, நம்ம மூளையே தயாரிக்கிற அதேமாதிரி ஒரு பொருளைக் கண்டுபிடிச்சது. அதுக்கு என்ன பேரு வெச்சாங்க தெரியுமா? ‘ஆனந்தமைடு’! ஆமா, நம்ம ‘ஆனந்தம்’தான். பசி, வலி, ஞாபகம், பயம் எல்லாத்தையும் இந்த ஏற்பாடு அளந்து அளந்து நடத்துது. அதனாலதான் கீமோதெரபி வாந்திக்கு டி.ஹெச்.சி. மாத்திரை 1985-லயே அமெரிக்காவுல வந்தது. (‘புற்றுநோயே குணமாகுது’ன்னு வர்ற ஃபார்வர்டு மெசேஜை மட்டும் டெலீட் பண்ணிடுங்க. வாந்தியைக் குறைக்கறது வேற, நோயைக் குணப்படுத்தறது வேற.) ஆனா அளந்து நடக்கற ஒரு இடத்துல அளவே தெரியாத சரக்கைக் கொட்டினா? மூளை முழுசா வளர்ந்து முடிய ஏறக்குறைய 25 வயசு ஆகும். நமக்கு இருபது.

1987-ல ஸ்வீடன்ல ஒரு ஆய்வு வந்தது. ராணுவத்துக்குச் சேர்க்கப்பட்ட 45,000-க்கும் மேற்பட்ட இளைஞர்களை 15 வருஷம் கவனிச்சாங்க. 50 தடவைக்கு மேல கஞ்சா அடிச்சிருந்தவங்களுக்கு மனச்சிதைவு நோய் ஆறு மடங்கு அதிகமா வந்திருந்தது. ‘கஞ்சா காரணமா, இல்லை ஏற்கெனவே மனசு தடுமாறினவங்கதான் அதைத் தேடிப் போனாங்களா’ன்னு அப்போலேருந்தே சண்டை நடக்குது. நியாயமான கேள்விதான். ஆனா 2019-ல ஐரோப்பாவுலயும் பிரேசில்லயும் நடத்தின ஆய்வுலயும், தினமும் அடிக்கறவங்களுக்கு மனநோய் வர்ற வாய்ப்பு மூணு மடங்கு, வீரியமான சரக்குன்னா அஞ்சு மடங்குன்னு வந்திருக்கு. குடும்பத்துல யாருக்காவது மனநோய் இருந்தா, தயவுசெஞ்சு இந்தப் பக்கமே வராதீங்க.

சட்டத்தையும் சொல்லிடறேன். 1985-ல வந்த போதைப்பொருள் சட்டப்படி, செடியோட பூக்கும், காய்க்கும் நுனிதான் ‘கஞ்சா’. தனி இலை அதுல வராது. பாட்டில் விற்க முடியறதே இந்தச் சந்துலதான். ஒரு கிலோ வரைக்கும் ‘சிறிய அளவு’ன்னு கேள்விப்பட்டு ‘அப்போ ஓகே’ன்னு நினைக்கிற அப்பாவிகள் ஜாஸ்தி. ஓகே எல்லாம் இல்லை பாஸ். ஒரு வருஷம் வரை சிறை, அல்லது பத்தாயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது ரெண்டுமே. ஆனா அதே சட்டத்துல 64ஏ-ன்னு ஒரு பிரிவு இருக்கு. பழக்கத்துக்கு அடிமையான ஒருத்தர், சின்ன அளவு கேஸ்ல மாட்டினாலும், தானே முன்வந்து சிகிச்சை எடுத்தா வழக்கிலேருந்து விலக்கு கிடைக்க வழி உண்டு. இதை யாரும் போஸ்டர் அடிச்சு ஒட்டறதில்லை. அடையாறு பக்கம் இந்திரா நகர்ல டி.டி.கே. மருத்துவமனை 1980-லேருந்து இந்த வேலையைத்தான் செய்யுது. 14446-ங்கற இலவச எண்ணும் இருக்கு.

நண்பன் கதைக்கு வருவோம். ஞாயிற்றுக்கிழமை கணக்கு நோட்டை அவன் முன்னாடி விரிச்சேன். ரொம்ப நேரம் பேசவே இல்லை. அப்புறம், ‘‘நேத்து ராத்திரி மாத்திரை போடலைடா’’ன்னான்.

எனக்குக் கை நடுங்கிடுச்சு. திடீர்னு நிறுத்தினா வலிப்பு நிக்காம தொடர்ந்து வந்து உயிருக்கே ஆபத்தாகலாம்னு முந்தின ராத்திரிதான் படிச்சிருந்தேன். உடனே அவனோட டாக்டருக்குப் போன் பண்ணவெச்சேன். மாத்திரையைத் தொடரச் சொல்லி, திங்கட்கிழமையே வரச் சொன்னார். நானும் கூடப் போனேன்.

டாக்டர் திட்டுவார்னு பார்த்தா, பாட்டிலைத் திருப்பித் திருப்பிப் படிச்சிட்டு ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். ‘‘காலையில இவ்வளவு தூக்கம் வருதுன்னு என்கிட்ட ஏம்ப்பா சொல்லவே இல்லை?’’

பய என்னைப் பார்த்தான். நான் சீலிங் ஃபேனைப் பார்த்தேன்.

மாத்திரை அதேதான். க்ளோபஜாம் சாப்பிடற நேரத்தையும் அளவையும் மட்டும் டாக்டர் மாத்திக் கொடுத்திருக்கார். மூணு வாரமா முதல் ஹவர்ல நண்பன் முழிச்சுக்கிட்டு நோட்ஸ் எடுக்கறான். இந்தக் கட்டுரைக்காகக் கண்ணு முழிச்சுப் படிச்ச நான்தான் இப்போ பக்கத்துல தூங்கறேன்.