பாட்டிகள் கட்டிய மொழிக்கூடு

பள்ளிக்கூடத்தில் தாய்மொழியில் பேசினால் அடி விழும். நியூசிலாந்தின் மாவோரி குழந்தைகள் பல தலைமுறைகள் இப்படித்தான் படித்தார்கள். அடிபட்டு வளர்ந்தவர்களில் பலர், தங்கள் பிள்ளைகளாவது தப்பிக்கட்டும் என்று வீட்டிலும் ஆங்கிலத்துக்கு மாறினார்கள். கடைசியில், மொழியைச் சரளமாகப் பேசியவர்களில் பெரும்பாலோர் வயதானவர்களே.

1972-ல், பள்ளிகளில் மாவோரி கற்பிக்கக் கோரும் மனு 30,000-க்கும் அதிகமான கையெழுத்துகளோடு நாடாளுமன்றத்துக்குப் போனது. ஆனால், பேச்சுப் பழகும் பிஞ்சுகளுக்கு யார் கற்றுத்தருவது?

வெலிங்டன் அருகே வைனுயோமாட்டாவில் 1982-ல் முதல் 'கோஹங்கா ரெயோ' தொடங்கியது. 'மொழிக்கூடு' என்று பொருள். பள்ளி வயதை எட்டாத குழந்தைகளைப் பெற்றோர் அங்கே விட்டார்கள். மொழி தெரிந்த பாட்டிகளும் தாத்தாக்களும் வந்தார்கள். சாப்பிட வைப்பது, தூங்க வைப்பது, கதை சொல்வது, அதட்டுவது எல்லாமே மாவோரியில்தான். சில ஆண்டுகளிலேயே நாடெங்கும் நூற்றுக்கணக்கான கூடுகள் முளைத்தன. ஹவாய் மக்களும் இதைப் பார்த்துத் தங்கள் மொழிக்குக் கூடு கட்டினார்கள்.

1987-ல் சட்டம் மாவோரியை ஆட்சிமொழியாக்கியது. அந்த மொழிக்கான ஆபத்து இன்னும் முழுதாக நீங்கிவிடவில்லை. நீதிமன்றத்தில் பேசும் உரிமையைச் சட்டம் தந்துவிட்டது. குழந்தையை அந்த மொழியில் கொஞ்ச, வீட்டில்தான் ஆள் வேண்டும்.