ஐந்து படங்களோடு நிறுத்தினால் திறமை வீணா?



திறமையுள்ள பிள்ளைகளைப் பற்றிப் பேசும்போது, "வீணாகிவிட்டது" என்று நாம் மிக எளிதாகச் சொல்லிவிடுகிறோம். கதை கூறும் போட்டியில் கேடயம் வென்ற மாணவி பின்னாளில் மேடை ஏறவில்லை என்றால், அவளது திறமை வீணாம்! இக்கருத்தில் எனக்கு உடன்பாடில்லை. 1950ஆம் ஆண்டுகளில் பிரிட்டிஷ் திரையுலகில் சிறிது காலமே வலம் வந்த ஒரு சிறுவனைச் சான்றாகக் காட்ட விரும்புகிறேன்.

அவன் பெயர் ஜான் வைட்லி. 1945ஆம் ஆண்டு ஸ்காட்லாந்தின் மோனிமஸ்க் எனும் சிற்றூரில் பிறந்தவன். பிபிசி வானொலியின் சிறுவர் நிகழ்ச்சியில் அவன் ஒரு கவிதையை ஒப்புவித்தது திரைப்பட வாய்ப்புக்கு வழிவகுத்தது. 1952இல் வெளிவந்த 'ஹண்டட்' படத்தில், கொலை செய்துவிட்டு ஓடும் டர்க் போகார்டோடு சேர்ந்து அலையும் சிறுவனாக நடித்தான். அடுத்தது 1953இல் வந்த 'த கிட்னாப்பர்ஸ்'. கண்டிப்பான தாத்தாவின் வீட்டில் வளரும் இரண்டு அனாதைச் சிறுவர்கள், நாய்க்குட்டி வளர்க்க அனுமதி கிடைக்காத நிலையில், காட்டில் கிடைத்த ஒரு குழந்தையை ஒளித்து வைத்து வளர்க்கும் கதை அது.

அப்படத்திற்காக 1955இல் அவனுக்கும், தம்பியாக நடித்த வின்சென்ட் வின்டருக்கும் சிறார்க்கான ஆஸ்கார் விருது வழங்கப்பட்டது. ஜானின் பெற்றோர் அவனை விழாவுக்கு அனுப்பவில்லை. விருதுச் சிலை அஞ்சலில் வீடு வந்து சேர்ந்தது! நம்மில் எத்தனை பேருக்கு அந்த மனம் வரும்? பரிசைவிடப் பரிசளிப்பு விழாவின் நிழற்படத்திற்கே நாம் முதலிடம் தருகிறோம் அல்லவா?

'த ஸ்பானிஷ் கார்டனர்' உட்பட மேலும் மூன்று படங்கள். அதன்பின் இடைநிலைப்பள்ளிக்கு முந்திய தேர்வைக் கருத்திற்கொண்டு பெற்றோர் அவனது திரைவாழ்வை நிறுத்தினர். அப்போது அவனுக்கு வயது சுமார் 11.

"பார்த்தீர்களா, தேர்வுதான் முக்கியம்!" என்று சில பெற்றோர் மகிழக்கூடும். தயவு செய்து அவ்வாறு பொருள் கொள்ளாதீர்கள். தேர்வைக் காரணம் காட்டி நடனத்தையும் நாடகத்தையும் முதலாம் ஆண்டிலேயே நிறுத்திவிடும் வீடுகளுக்கு இக்கதை துணை நிற்காது. அச்சிறுவனுக்கு நடிக்கும் வாய்ப்பு முழுமையாகக் கிடைத்தது. அதற்குரிய பருவம் முடிந்ததும் வேறொரு கதவு திறந்தது.

அக்கதவு எங்கே கொண்டு சென்றது? ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் பயின்று, கலை வரலாற்று அறிஞராகி, அங்குள்ள ஆஷ்மோலியன் அருங்காட்சியகத்தில் பல்லாண்டுகள் பணியாற்றினார். பிரெஞ்சு ஓவியங்களில் அவர் வல்லுநராகப் போற்றப்பட்டார். 2020இல் காலமானார். உடன் நடித்த வின்சென்ட் வின்டரோ திரைத்துறையிலேயே தொடர்ந்து, பின்னாளில் படத் தயாரிப்பு மேலாளராக விளங்கினார். ஒரே விருதைப் பெற்ற இருவர். இரு வேறு பாதைகள். இவற்றுள் எது வீண் என்று சொல்வது?

பிள்ளையின் திறமையை நாம் வைப்புத் தொகை போலக் கருதுகிறோம்; என்றேனும் வட்டியோடு திரும்ப வேண்டும் என்று எதிர்பார்க்கிறோம். ஒன்பது வயதில் ஒரு பிள்ளை மனமுவந்து பாடினால், அந்த ஒன்பது வயதுக்கு அதுவே நிறைவு. பத்தாவது வயதில் அவன் பந்து விளையாட விரும்பினால், பழைய கேடயத்தைக் காட்டி அவனை மிரட்ட வேண்டாமே!

வாய்ப்பை வழங்குவது நம் கடமை. எப்போது போதும் என்று உணர்வதும் நம் கடமையே. அடுத்த போட்டிக்குப் பெயர் கொடுக்குமுன், பிள்ளையிடம் ஒரு சொல் கேட்போமா?