அலையைக் கண்டவர் மணலைக் காணவில்லை

அலைச்சறுக்கு விளையாட்டைப் பற்றிய ஆவணப்படங்களுள் தலையாயதாகப் போற்றப்படுவது, அமெரிக்கரான புரூஸ் பிரௌன் உருவாக்கிய 'தி எண்ட்லெஸ் சம்மர்'. 1966-இல் திரையரங்குகளுக்கு வந்த இப்படத்தில், கலிபோர்னியா இளைஞர் இருவர் குறையற்ற அலையைத் தேடி உலகை வலம் வருகின்றனர். தென்னாப்பிரிக்காவின் கேப் செயின்ட் பிரான்சிஸ் முனையில், மணற்குன்றுகளை நடந்து கடந்து, அவ்வலையைக் காண்கின்றனர். அக்காட்சியின் அழகை நாம் மறுக்கவில்லை. ஆனால், அழகைக் காட்டியதோடு ஆவணப்படக் கலைஞரின் கடமை முடிந்துவிடுகிறதா என்பதே நம் வினா.

அம்மணற்குன்றுகள் படத்தில் வெறும் நடைபாதை. உண்மையிலோ, அவையே அலைக்கு ஆதாரம். மேற்கிலிருந்து வீசும் காற்று, முனையின் ஒருபுறத்து மணலை நிலத்தின் வழியே மறுபுறத்துக் கடலில் கொண்டு சேர்த்துவந்தது. கடலடியில் படிந்த அம்மணலே அலை சீராக மடிய உதவியது, கரையையும் காத்தது. பின்வந்த ஆண்டுகளில் குன்றுகள்மீது செடிகளை நட்டு மணலை நகரவிடாமல் கட்டினர்; வீடுகளை எழுப்பினர். மணல் வரத்துக் குன்றியது, கரை அரிக்கப்பட்டது. இயக்குநரின் பெயராலேயே இன்றும் வழங்கும் அந்த அலை, இப்போது அரிதாகவே எழுகிறது.

இப்பழி முழுவதையும் படத்தின்மீது சுமத்துவது நேர்மையன்று. எனினும், படம் காணத் தவறியது மணலை மட்டுமன்று. பொது இடங்களை இனவாரியாக ஒதுக்க இசைவளித்த 1953-ஆம் ஆண்டுச் சட்டம் அன்று அந்நாட்டில் நடைமுறையில் இருந்தது. கறுப்பின மக்களுக்குக் கடற்கரைகள் மறுக்கப்பட்ட அக்கொடுமையை, சுறாக்களைப் பற்றிய ஒரு நகைச்சுவைத் துணுக்கோடு படம் கடந்துவிடுகிறது.

"விளையாட்டைப் படம்பிடிப்பவரிடம் அரசியலும் அறிவியலும் கேட்பது முறையா?" என்பர் சிலர். இதற்கு அலைச்சறுக்கு வீரர்களே விடையளித்துவிட்டனர். இங்கிலாந்தின் கார்ன்வால் கரையில், சாக்கடை கலந்த கடலில் விளையாட நேர்ந்தவர்கள், 1990-இல் அதை எதிர்த்து ஓர் அமைப்பையே தோற்றுவித்தனர். கடலில் இறங்குபவருக்குக் கடலின் நோய் புறம்பானதன்று என்பதை அவர்கள் உணர்ந்திருந்தனர். அவ்வுணர்வு படக்கருவியை ஏந்தி நிற்பவருக்கு மட்டும் வேண்டாமா?

இன்று அலையைத் தேடிப் புறப்படும் படைப்பாளர்களிடம் நாம் வேண்டுவது பெரிதன்று. அலையைக் காட்டுங்கள், பின்னர், கருவியைக் கரைப்பக்கம் ஒருமுறை திருப்புங்கள். அந்த மணல் எங்கிருந்து வருகிறது, அக்கரையில் நிற்க யாருக்கு உரிமை மறுக்கப்பட்டது என்று கேளுங்கள். பார்வையாளராகிய நாமும் அக்கேள்விகள் இல்லாத படங்களைக் கைதட்டி அனுப்பிவிடுவோமாயின், அடுத்த அலையின் அழிவில் நமக்கும் பங்குண்டு.