முள்கம்பிக்கு வேறு, மோட்டார் வயருக்கு வேறு!

''போர்வெல் மோட்டார் வயரிங் வேலைக்காக வாங்கிய சைடு கட்டரின் வாய், ஆறே மாதத்தில் பொக்கை விழுந்துவிட்டது. நல்ல கட்டரை எப்படிப் பார்த்து வாங்குவது?''

- வாசகர், வாழப்பாடி.

''அதே கட்டரால் பாக்குத்தோப்பு முள்கம்பியையும் வெட்டியிருப்பீர்கள். சாதாரண சைடு கட்டர் செம்பு, அலுமினிய வயர்களுக்கானது. எஃகுக் கம்பியைத் தாங்காது. பொக்கை வாயால் வயரின் தோலை உரித்தால், உள்ளே இருக்கும் இழைகளும் சேர்ந்து அறுபடும். மிச்ச இழைகளில் மொத்த கரண்டும் பாய்ந்து, ஸ்டார்ட்டர் முனையில் வயர் கருகும். மூன்று ஃபேஸில் ஒன்று இப்படி அறுந்தால், மோட்டார் காயிலே எரிந்துவிடும். கட்டர் விலை எங்கே, காயில் கட்டும் கூலி எங்கே!

கடையிலேயே வாயை மூடி, வெளிச்சத்துக்கு நேராகப் பிடியுங்கள். நுனிவரை இடைவெளி தெரியக் கூடாது. ஒற்றைச் செம்பு இழையை நுனியில் வைத்து வெட்டிப் பாருங்கள். நசுங்கித் தொங்காமல் துண்டாக விழ வேண்டும். ரிவிட் ஆடவே கூடாது. 6 அங்குல அளவு போதும்.

கைப்பிடியில் இருக்கும் வெறும் பிளாஸ்டிக் உறையை நம்பாதீர்கள், அது பிடிமானத்துக்குத்தான். 1,000 வோல்ட் என்ற முத்திரை இருந்தாலும், மெயினை அணைத்து, ஃபியூஸ்களைப் பிடுங்கி, மூன்று ஃபேஸையும் டெஸ்டரால் பார்த்த பிறகே வயரில் கை வையுங்கள். பழைய கட்டரை வீச வேண்டாம், கட்டுக்கம்பி வெட்ட உதவும்.''