கம்பு சுற்ற அரண்மனை எதற்கு?

சீனாக்காரர்களைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் பொறாமை. காரணம், ஒரு தொடர்கதை!

ஹாங்காங்கில் ஜின் யோங் என்றொரு பத்திரிகைக்காரர். 1957-ல் செய்தித்தாளில் ஒரு கதை ஆரம்பித்தார். சண்டை, காதல், குரு, துரோகம் எல்லாம் உண்டு. ஹீரோ குவோ ஜிங், புத்தியில் கொஞ்சம் மந்தம். மங்கோலியப் புல்வெளியில் வளர்கிற பையன். 1983, 2003, 2017 என்று டி.வி.யில் திரும்பத் திரும்ப எடுத்துவிட்டார்கள். தலைமுறைக்கு ஒரு குவோ ஜிங்!

நமக்கும் ஒரு பத்திரிகைக்காரர் இருந்தார். கல்கி 1950-ல் 'பொன்னியின் செல்வன்' ஆரம்பித்தார். எம்.ஜி.ஆர். அதைப் படமாக்க ஆசைப்பட்டார், நடக்கவில்லை. திரையில் பார்க்க 2022 ஆயிற்று.

அந்த எம்.ஜி.ஆரை 1977-ல் சட்டசபைக்கு அனுப்பியது அருப்புக்கோட்டை. வாள் வீசிய, சிலம்பம் சுற்றிய ஹீரோவை முதலமைச்சராக்கிய தொகுதி. வீரக் கதை மேல் ஆசை இல்லாத ஊரா அது? ஆனால் அருப்புக்கோட்டை, திருச்சுழி பக்கத்துக் கரிசல் மண்ணை டி.வி. சீரியலில் தேடிப் பாருங்கள். சோபாவும் மாடிப்படியும்தான் கிடைக்கும்!

"பட்ஜெட் ஸார்" என்பார்கள். பி.காம். படித்தவன், கணக்கு எனக்கும் தெரியும். அரண்மனைக்குத்தான் செட் போட வேண்டும். வறண்ட கண்மாய்க்கும் உடைமரத்துக்கும் யார் செட் போடுவது? 'காவல் கோட்டம்' நாவலின் ஒரு பகுதியை எடுத்து, விருதுநகர்க்காரர் வசந்தபாலன் 2012-ல் 'அரவான்' எடுத்துக் காட்டினாரே. ராஜா முக்கியமா அதில்? களவும் காவலும்தானே கதை!

நிஜமான பயம் வேறு. "எந்த ஹீரோவை எடுத்தாலும் ஒரு ஜாதி சொந்தம் கொண்டாடும், இன்னொரு ஜாதி கொதிக்கும்." பயம் பொய்யில்லை. குவோ ஜிங் பிறந்த அதே 1957-ல்தான் இந்தச் சீமை முதுகுளத்தூர் கலவரத்தில் எரிந்தது.

ஆனால் ஜின் யோங் என்ன செய்தார்? சீனாக்காரன் பிள்ளையை மங்கோலியர் நடுவே வளர்த்தார். பிறகு அந்த மங்கோலியர் படையெடுத்து வரும்போது எதிர்த்து நிற்க வைத்தார். ரத்தமா, வளர்த்த சோறா என்று பையன் திண்டாடுகிறானே, அதுதான் கதை. அவன் கற்பனை ஆள். சிலை வைத்துச் சண்டை போட வழியில்லை.

நமக்கு வேண்டியதும் அதுதான். எந்த ஜாதியும் போஸ்டர் அடிக்க முடியாத ஒரு கரிசல்காட்டுக் கம்புக்காரன். சேனல்காரர்களே, எழுதச் சொல்லுங்கள். எழுத ஆள் இருக்கிறது. உங்களுக்குத் தைரியம் இருக்கிறதா?